சாவகர் அடுக்களையில் கீரை

நம் இல்லங்களில் கீரையைக் குறித்து இருவேறு போக்குகள் காணப்படுகின்றன. ஒரு சாரார், இலையில் புழுவும் பூச்சியும் தங்கும் ஆதலின் கீரையே வேண்டாம் என்று ஆண்டு முழுவதும் ஒதுக்கிவிடுகின்றனர். மற்றொரு சாரார், நறுக்கி உறையிலிட்டு விற்கும் கீரையை வாங்கி வந்து, பிரித்தும் பாராமல், விளக்கு வைத்த பின்னர்ச் சட்டியில் இடுகின்றனர். முன்னவர் அறத்தின் பெயரால் ஒரு நல்லுணவை இழக்கின்றனர். பின்னவர் நேரமின்மையின் பெயரால் அறத்தை நெகிழவிடுகின்றனர். செஞ்சி, அனந்தபுரம், மேல்சித்தாமூர், திண்டிவனம் வட்டாரத்து முதியோர் கைக்கொண்ட முறை இவ்விரண்டிற்கும் வேறானது. அம்முறை யாது, அதற்கு நூற்சான்று உண்டா, இன்றைய உணவியலார் அதனைப் பற்றி என்ன கூறுகின்றனர் என்பவற்றை இப்பாடத்தில் காண்போம். சமைக்கும் வகை பின்னர் வரும். உண்மையில் அது மிக எளிது. அடுப்பேற்றுவதற்கு முன் செய்ய வேண்டியவையே மிகுதி.

கீரையை அடியோடு விலக்குவது நன்றன்று என்பதற்குரிய காரணத்தை முதலில் கூறிவிடுகிறோம். 2019-21ஆம் ஆண்டுகளில் நடைபெற்ற ஐந்தாவது தேசியக் குடும்பநல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களுள் நூற்றுக்கு 53 பேர் இரத்தசோகை உடையவர்கள். நம் குலப் பெண்கள் இதற்கு விலக்கென்று எண்ணுவதற்கு இடமில்லை. ஊன், மீன், முட்டை ஆகியவற்றை நாம் பிறப்பிலேயே அறியோம். கிழங்குகளை விலக்குகிறோம். பகலுணவு நோன்பினால் உண்ணும் வேளைகளும் குறைவு. இத்தகைய இல்லத்தில் கீரையும் இல்லையென்றால், பூப்பெய்திய பெண்ணுக்கும் கருவுற்ற மருமகளுக்கும் இரும்புச்சத்தும் போலிக் அமிலமும் எங்கிருந்து வரும்? பருப்பும் பயறும் ஓரளவு தரும். கீரை அவற்றோடு சேர்ந்து நிற்க வேண்டியது.

எனினும் கீரையொன்றே இரத்தசோகையை நீக்கிவிடும் என்று நாம் கூற வரவில்லை. தாவர உணவிலுள்ள இரும்பை உடல் சிறிதளவே ஏற்கும். எலுமிச்சஞ்சாறோ நெல்லிக்காயோ உடன் சேர்ந்தால் ஏற்பது கூடும். உணவை ஒட்டித் தேநீரோ காப்பியோ அருந்தினால் குறையும். இரத்தம் ஊற வேண்டிய மற்றொரு சத்தாகிய பி-12 கீரையில் இல்லை. பாலும் தயிருமே நமக்கு அதனைத் தருவன. சோகை முற்றியவர் மருத்துவரைக் கண்டு மாத்திரை உண்ண வேண்டுவதே முறை.

இனி நூல்கள் கூறுவதற்கு வருவோம்.

மரஞ்செடி கொடிகளை ஓரறிவுயிர் என்கிறோம். அவற்றுள்ளும் இருவகை உண்டு. ஓர் உடலுக்கு ஓர் உயிராக நிற்பது பிரத்தியேகம். ஓர் உடலையே எண்ணிறந்த உயிர்கள் பொதுவாகக் கொண்டு நிற்பது சாதாரணம். உருளைக்கிழங்கையும் இஞ்சியையும் விலக்குவோர் பலர் இப்பிரிவை அறிவர். ஆயின் இலையிலும் இப்பிரிவு உண்டு என்பதை அறிந்தவர் சிலரே. பத்தாம் நூற்றாண்டில் வாழ்ந்த நேமிச்சந்திர சித்தாந்தச் சக்கரவர்த்திகள் கோம்மடசாரத்தின் ஜீவகாண்டத்தில் இதற்கு அடையாளம் காட்டுகிறார். நரம்பும் இணைப்பும் கணுவும் வெளிப்படத் தோன்றாமை, ஒடித்தால் வழுவழுப்பாகச் சமமாக முறிதல், வெட்டிய பின்னும் முளைத்தல் ஆகியவை சாதாரண வகையின் அடையாளங்கள். இதற்கு மாறானவை பிரத்தியேகம். அத்துடன், வேர், கிழங்கு, பட்டை, தளிர், கிளை, இலை, பூ, கனி, விதை என ஒவ்வோர் உறுப்பையும் இவ்வாறு தனித்தனியே நோக்க வேண்டும் என்றும் அவர் விளக்குகிறார். ஆதலின் முருங்கைப் போத்தை நட்டால் தழைக்கிறதே, அதன் இலையை உண்ணலாமா என்று ஐயுறுவோர் இலையை இலையாகவே வைத்துப் பார்க்க வேண்டும்.

தாய்மார்கள் இதனை அடுக்களையிலேயே சோதித்தறியலாம். முளைக்கீரையின் நன்கு விரிந்த இலையொன்றைக் கையில் எடுத்து வெளிச்சத்தில் பிடியுங்கள். நடுநரம்பும் கிளை நரம்புகளும் தெளிவாகப் புலப்படும். கிழித்தால் விளிம்பு ஒழுங்கற்றுப் பிசிராக இருக்கும். அடுத்து, அதே செடியின் நுனிக்கொழுந்தை எடுங்கள். நரம்பு இன்னும் தோன்றியிராது; கிள்ளினால் சட்டென ஒரே சீராக முறியும். முதலாவது கொள்ளத்தக்கது, இரண்டாவது விடத்தக்கது. கடைத்தெருவில் கொழுந்துக் கீரை என்றால் விலை கூட. நமக்கோ அது வேண்டாதது. முற்றிய இலை நாவுக்குச் சற்று முரடாயிருக்கும் என்பது மெய்யே. இன்னும் இரண்டு நிமிடம் வேகவிட்டால் அக்குறையும் தீரும்.

சமந்தபத்திரர் அருளிய இரத்தினகரண்ட சிராவகாசாரமும், அதனைத் தழுவித் தமிழில் எழுந்த அருங்கலச்செப்பும் நம்மவர் நன்கறிந்த நூல்கள். முன்னதில், பயன் சிறிதும் கொலை பெரிதுமானவற்றை விலக்குக என்று கூறுமிடத்தில் முள்ளங்கி, பச்சை இஞ்சி, வெண்ணெய், வேப்பம்பூ, தாழம்பூ ஆகியவை எண்ணப்படுகின்றன. (சித்திரைப் பிறப்பன்று வேப்பம்பூ இரசம் வைக்கும் இல்லங்கள் இதனை ஒருமுறை எண்ணிப் பார்க்கலாம்.) அப்பட்டியலில் கீரை இல்லை. சாவகர்க்குரிய பதினொரு நிலைகளுள் ஐந்தாம் நிலையை விளக்கும்போதுதான் இலைக்கறி பெயர் பெறுகிறது. அங்கும் வேர், கனி, இலை முதலியவற்றைச் சமைக்காமல் பச்சையாக உண்ணலாகாது என்பதே விதி. உயர்ந்த நோன்பினர்க்கும் தடை பச்சை இலைக்கே. முறைப்படி வெந்த கீரைக்கு அவ்விடத்தில் தடை கூறப்படவில்லை. நகர்ப்புற உணவகங்களில் பச்சை இலைகளை நறுக்கி அப்படியே தட்டில் வைக்கும் வழக்கம் பெருகிவரும் இந்நாளில், இவ்வேறுபாட்டை இளைஞர்கள் அறிந்திருத்தல் நலம்.

மழைக்காலம்

கீரையைப் பற்றிய கேள்விகளுள் கடினமானது காலம் பற்றியதே. ஆடியில் தொடங்கித் தீபாவளியை ஒட்டி நிறைவுறும் நான்கு மாத வருஷயோகத்தில் துறவியர் ஓரிடத்தில் தங்குவர். இல்லறத்தார் கீரையை விலக்குவர். காரணம் எல்லோரும் அறிந்ததே. ஈரத்தில் சிற்றுயிர்கள் பெருகும். இலையின் அடிப்புறமே அவற்றுக்கு உறைவிடம்.

சிலப்பதிகாரத்தில் மாதரி மனையில் கண்ணகி கோவலனுக்குச் சமைத்த உணவை இவ்விடத்தில் நினைவுகூரலாம். கோவலன் சாவக நோன்பினன், பகலில் உண்பவன் என்பதை அறிந்தே ஆய்மகளிர் பண்டங்களைக் கொண்டுவந்து தருகின்றனர். பலாக்காய், வெள்ளரிக்காய், மாதுளங்காய், மாங்கனி, வாழைப்பழம், சாலி அரிசி, பாலின் பயன் ஆகியவை அங்குக் கூறப்படுகின்றன. கிழங்கு இல்லை, கீரையும் இல்லை. மதுரை எரியுண்டது ஆடித் திங்கள் தேய்பிறை அட்டமியில் என்று அந்நூலே குறிப்பதால், அவ்வுணவு ஆக்கப்பட்டதும் ஆடியை ஒட்டிய காலமே. இளங்கோவடிகள் நோன்பு விதியைக் கருதித்தான் கீரையை விடுத்தார் என்று நாம் துணிந்து கூற இயலாது. ஆயினும் ஆடி மாதத்துச் சாவகர் உணவு எத்தகையதாக இருக்கலாம் என்பதற்கு இதனினும் இனிய எடுத்துக்காட்டுத் தமிழில் இல்லை. நறுக்கி நறுக்கிக் கண்ணகியின் மெல்விரல் சிவந்ததும், அடுப்பின் முன் முகம் வியர்த்ததும் அங்குக் காட்டப்படுகின்றன. சமையல் என்பது எளிய வேலை என்று எண்ணும் ஆடவர் அப்பகுதியை ஒருமுறை படிக்கட்டும்.

இனி நம் வட்டாரத்திற்குரிய ஒரு சிக்கல். வடநாட்டில் ஆடி, ஆவணி, புரட்டாசியே பெருமழைக் காலம். நமக்கோ பெருமழை பொழிவது ஐப்பசி, கார்த்திகையில். அதாவது, நோன்பு நிறைவுற்றது என்று கீரைக்கட்டை வாங்கும் வேளையில்தான் இங்கு வானம் திறக்கிறது. 2024ஆம் ஆண்டில் தீபாவளி அக்டோபர் 31 அன்று வந்தது. அதற்கு ஒரு மாதம் கழித்து, நவம்பர் இறுதியில் கரைகடந்த ஃபெஞ்சல் புயலில் மயிலம், திண்டிவனம், விழுப்புரம் பகுதிகள் வெள்ளக்காடாயின. பஞ்சாங்கப்படி அப்போது கீரை உண்ணத் தடையில்லை. தோட்டத்தின் நிலையோ வேறு.

நாம் கருதுவது இதுவே. நோன்பின் நாள்களை மாற்றுவதற்கு நமக்கு உரிமையில்லை; ஆடி முதல் தீபாவளி வரை விலக்குவது அப்படியே நிற்கட்டும். அந்நோன்பின் கருத்தை உணர்ந்தவர்கள், வடகிழக்குப் பருவமழை ஓய்ந்து இலையில் வெயில் படும்வரை, ஏறத்தாழ மார்கழி நடு வரை, விலக்கை நீட்டித்துக்கொள்வது நம் மண்ணுக்கு ஏற்றது. தை முதல் ஆனி வரை ஏறத்தாழ ஆறு மாதங்கள் கீரையைத் தாராளமாக உண்ணலாம். அட்டமி, சதுர்த்தசி நாள்களில் கீரை தவிர்க்கும் வழக்கமுடையோர் அவ்வாறே செய்க.

விலக்கிய மாதங்களில் வெற்றிடம் நேரலாகாது. முருங்கைக்காய், அவரை, கொத்தவரை, பூசணி, பாசிப்பயறு, கொள்ளு, எள் முதலியவை நமக்குத் துணை. கேழ்வரகு ஒரு கிண்ணக் களியானாலும் அடையானாலும் சுண்ணாம்புச்சத்திற்குக் குறைவிராது. முருங்கையிலையை உலர்த்திப் பொடியாக்கி மழைக்காலத்திற்கு வைத்துக்கொள்ளலாமே என்பர் சிலர். மாவுக்கே மழைக்காலத்தில் மூன்று நாள் என்று வரம்பு வைத்துள்ள நாம் அதனை ஊக்குவிக்க இயலாது.

மழைக்காலத்தில் முருங்கை மரத்தில் கம்பளிப்புழு கூட்டமாக அடையும். தீப்பந்தம் கொளுத்தி அவற்றைச் சுட்டுவிடுவது ஊர் வழக்கம். நம்மவர் கொல்லையிலும் பிறரை ஏவி இதனைச் செய்விப்பதைக் காண்கிறோம். தன் கையால் செய்யாதது வினையாகாது என்பது நம் சமயம் கூறும் கணக்கன்று. செய்தல், செய்வித்தல், உடன்படல் மூன்றும் ஒன்றே. அச்சில வாரங்கள் மரத்தைப் புழுவுக்கு விட்டுவிடலாம். குழந்தைகள் அப்பக்கம் போகாமல் பார்த்துக்கொண்டால் போதும். இலை மீண்டும் தழைக்கும்.

கொள்ளுதலும் ஆய்தலும்

இலேசியைகளை விளக்கக் கூறும் அறுவர் கதையை எல்லோரும் அறிவோம். கனி வேண்டி ஒருவன் மரத்தை வேரோடு சாய்க்க எண்ணுகிறான்; ஒருவன் அடிமரத்தை, ஒருவன் கிளையை, ஒருவன் கொம்பை வெட்ட எண்ணுகிறான்; ஒருவன் கனியை மட்டும் பறிக்கிறான்; கடையன் தானே உதிர்ந்ததைப் பொறுக்கி உண்கிறான். கீரை வாங்குவோர்க்கும் இக்கதை பொருந்தும். முளைக்கீரையும் சிறுகீரையும் பெரும்பாலும் வேரோடு பிடுங்கிக் கட்டப்படுகின்றன. வேருடன் மண்ணும், மண்ணுடன் அதில் வாழும் உயிர்களும் வருகின்றன. அரைக்கீரை அடி விட்டு அறுக்கப்படுவது. செடி மீண்டும் தழைக்கும். முருங்கையும் அகத்தியும் இணுக்கு இணுக்காகப் பறிக்கப்படுவன. மரத்துக்கு ஊறு சிறிது. ஆதலின் முருங்கை, அகத்தி, அரைக்கீரை, பிறகு மற்றவை என்று வரிசை கொள்வது நன்று. முட்டைக்கோசும் காலிப்பிளவரும் இவ்வரிசையில் சேரா. மடிப்புக்குள் மடிப்பாக இருக்கும் அவற்றை எவ்வாறு ஆராய்வது? கீரை இலைக்கு இரண்டே பக்கம்; இரண்டும் கண்ணுக்குத் தெரியும்.

கொல்லை உள்ளவர்கள் ஓர் ஆள் நீளப் பாத்தியில் தண்டுக்கீரையோ அரைக்கீரையோ தைப் பிறந்ததும் விதைக்கலாம். விதை மிக நுண்ணியது. மணலோடு கலந்து தூவ வேண்டும். 25 நாள்களில் இலை பறிக்கத் தொடங்கலாம். மருந்து தெளிக்காத கீரை என்பதற்கு வீட்டுப் பாத்தியைவிட உறுதி வேறில்லை. பூச்சிமருந்து நம் உடலுக்குத் தீங்கு என்று மட்டுமே பேசுகிறோம். அது தெளிக்கப்பட்டது எதற்காக என்பதையும் சாவகர் நினைக்க வேண்டாமா?

ஆய்வதற்கு உகந்த வேளை காலை, வெயில் நன்கு வந்த பின். முற்றத்திலோ மாடியிலோ வெள்ளைத் துணியை விரித்து, கட்டைப் பிரித்து, சிறு சிறு கற்றையாகப் பிடித்து மெல்ல உதறுக. அசுவினி, சிறுவண்டு, சிலந்திக்குஞ்சு முதலியவை வெண்துணியில் தெரியும். துணியைச் செடிப்பக்கம் கொண்டுபோய் மெதுவாகத் தட்டிவிடுக. பின்னர் ஒவ்வோர் இலையாக இருபுறமும் நோக்குக. இலைகளை நூலாம்படையால் பிணைத்துச் சுருட்டி உள்ளே புழு இருப்பதுண்டு. அத்தகைய இலையைப் பிரிக்காமல் அப்படியே செடியடியில் இடுக. ஓட்டை விழுந்த இலை, வெண்புள்ளியிட்ட இலை, முட்டை ஒட்டிய இலை ஆகியவற்றையும் அவ்வாறே செய்க. ஒரு கட்டுக்கு அரைமணி நேரம் ஆகும். வீட்டிலுள்ள பெரியவர்களும் பிள்ளைகளும் உடன் அமர்ந்தால் பாதியாகும். கண்பார்வை மங்கியவர்கள் மட்டும் தனியே ஆயலாகாது.

இதழ்களிலும் பிற சமையற்குறிப்புகளிலும் கீரையை உப்புநீரிலோ மஞ்சள்நீரிலோ ஊறவைத்தால் புழுக்கள் வெளியேறும் என்று எழுதுகின்றனர். வெளியேறுவது உண்மை, மடிந்து வெளியேறும். நம் முறையில் உலர்ந்த நிலையில் உதறுவதே முதல். நீர் அதன் பிறகே. இம்முறைமையை மாற்றினால் மற்ற எல்லாக் கவனமும் வீண்.

கழுவும் நீர் இரட்டையாக மடித்த துணியில் வடித்ததாக இருக்க வேண்டும். வடித்த நீருக்கு ஒரு முகூர்த்தம், அதாவது 48 நிமிடமே கணக்கு. ஆகவே ஆய்ந்து முடித்த பின் வடிப்பது சிக்கனம். துணியில் தங்கியதை நீர் எடுத்த இடத்திலேயே சேர்ப்பிக்க வேண்டும் என்பதைக் கிணற்றுநீர் உள்ளோர் மறவாதிருக்க. முழு இலையாகவே இருமுறை அலசி, வடியவிட்டு, அதன் பின்னரே அரிவாள்மணையில் நறுக்குக. நறுக்கிய பின் கழுவினால் நீரில் கரையும் சத்துகள் போய்விடும் என்று உணவியலாரும் கூறுகின்றனர். நறுக்கி வைத்த கீரையை மறுநாளுக்கென்று குளிர்பெட்டியில் வைப்பதும் தகாது.

சமைத்தல்

நால்வருக்கு அரைக்கீரையோ முளைக்கீரையோ பெரிய கட்டு ஒன்று, பாசிப்பருப்பு மூன்று மேசைக்கரண்டி, தேங்காய்த் துருவல் ஒரு கைப்பிடி, நல்லெண்ணெயோ கடலையெண்ணெயோ இரண்டு தேக்கரண்டி, கடுகு, உளுத்தம்பருப்பு, சீரகம், வற்றல்மிளகாய் இரண்டு, உப்பு ஆகியவை போதும். வெங்காயமும் பூண்டும் இல்லாமல் கீரைக்கு மணம் ஏது என்று கேட்போர்க்குச் சீரகமும் தேங்காயுமே விடை.

பருப்பை அரைமணி ஊறவைத்து, மலர்ந்து குழையாத பதத்தில் தனியே வேகவைத்துக்கொள்க. வாயகன்ற சட்டியில் எண்ணெய் காய்ந்ததும் கடுகு வெடிக்கவிட்டு, உளுந்து சிவந்ததும் சீரகமும் மிளகாயும் இடுக. கீரையை இட்டு, ஒரு கை நீர் தெளித்து, மூடாமல் வதக்குக. மூடினால் கீரையிலிருந்து எழும் புளிப்பாவி உள்ளேயே தங்கி நிறத்தைக் கருக்கும். பச்சை நிறம் நிற்கச் சமையற்சோடா இடும் வழக்கம் வேண்டா. உயிர்ச்சத்தை அது அழிக்கும். எட்டு முதல் பத்து நிமிடங்களில் இலை வெந்துவிடும். உப்பை இறுதியில்தான் இட வேண்டும். மலைபோல் தெரியும் கீரை ஒரு கிண்ணமாகச் சுருங்கும் ஆதலின், முன்னரே இட்டால் அளவு தப்பும். வெந்த பருப்பும் தேங்காயும் சேர்த்துக் கிளறி இறக்குக. எலுமிச்சஞ்சாற்றை அடுப்பில் விடாமல், பரிமாறும்போது பிழிவது நிறத்திற்கும் சத்திற்கும் நல்லது. எண்ணெயையும் தேங்காயையும் முற்றும் குறைத்துவிடாதீர்கள். கீரையின் மஞ்சள் நிறமியை உடல் வைட்டமின் ஏ ஆக்கிக்கொள்ளக் கொழுப்புச் சிறிது வேண்டும்.

முருங்கைக்கீரைக்குத் தேங்காய்க்குப் பதில், வறுத்துக் கொரகொரப்பாகப் பொடித்த நிலக்கடலை நம் வட்டாரத்துச் சுவை. டி.எம்.வி. என்று பெயர் தொடங்கும் கடலை வகைகளில் அவ்வெழுத்துகள் திண்டிவனத்தையே குறிப்பன. அங்குள்ள எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையத்தில் உருவானவை அவை. கடலை மண்ணுக்குள் விளைவதால் விலக்கா என்று சிலர் வினவுவர். அது கிழங்கன்று, பூத்த பின் மண்ணுள் இறங்கிக் காய்க்கும் விதை. உலர்ந்து வறுபட்ட பின் ஐயத்திற்கே இடமில்லை. முருங்கைப்பூவை மட்டும் கீரையோடு சேர்க்காதீர்கள். இதழ்களுக்கிடையே உள்ள நுண்ணுயிர்களை எத்துணைக் கூரிய கண்ணாலும் தேடி எடுத்தல் அரிது.

அகத்திக்கீரை கைப்புடையது. தேசிய ஊட்டச்சத்து நிறுவனத்தின் பழைய அட்டவணையில் 100 கிராமுக்கு 1,130 மில்லிகிராம் சுண்ணாம்புச்சத்து என்று காணும் கீரை இதுவே. முளைக்கீரை வகைகளிலும் சுண்ணாம்புச்சத்து உண்டு. ஆனால் அவற்றிலுள்ள ஆக்சாலிக் அமிலம் அதில் ஒரு பகுதியை உடலுக்குக் கிட்டாமல் பற்றிக்கொள்ளும். ஆகவே ஒரே கீரையை நாள்தோறும் உண்ணாமல் மாற்றி மாற்றிச் சமைப்பது நன்று. சிறுநீரகக் கல் உடையோர் மருத்துவரைக் கேட்டு உண்க. அகத்தியைப் பாசிப்பருப்புடன், அரிசி களைந்த நீர் தெளித்து வேகவைத்துத் தேங்காயைச் சற்றுக் கூட்டினால் கைப்புத் தணியும். பிள்ளைகளுக்கு முதன்முறை ஒரு கரண்டிக்கு மேல் வைக்காதீர்கள்.

பகலுணவுக்கே கீரை. இரவில் கீரை செரிக்காது என்று ஊரில் எல்லோரும் கூறுவர். நமக்கோ இரவுணவே இல்லை. மிஞ்சியதை மாலை உணவில், கதிரவன் மறையுமுன் முடித்துவிட வேண்டும். முற்றிய தண்டுகளும் விலக்கிய நல்ல இலைகளும் மாட்டுக்கு ஆகும். மாடில்லாத நகரத்து வீடுகளில் பூந்தொட்டியின் ஓரம் இட்டால் அங்கேயே மக்கிப்போகும்.